இந்தி பேசும் வெளிநாட்டு க்ரைம் த்ரில்லர்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கொரியா, ஸ்பெயின், பிரான்ஸ் என்று எங்கெங்கோ எடுத்த க்ரைம் படங்களையும் தொடர்களையும் இந்தி டப்பிங்கில் பார்ப்பது வட இந்திய வீடுகளில் சாதாரணப் பழக்கமாகிவிட்டது. தில்லி, மும்பை, புனே என்று வேலைக்குப் போன தமிழர்களில் பலரும் இதில் சேர்ந்துவிட்டார்கள். "அதில் அப்படி என்ன இருக்கிறது?" என்று கேட்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். ஏற்கெனவே பார்த்துக்கொண்டிருப்பவர்களுக்கும் புதிதாகச் சில விஷயங்கள் இருக்கும். எந்தக் கதையின் முடிச்சையும் இங்கே அவிழ்க்கவில்லை, பயமில்லாமல் படிக்கலாம்.

சப்டைட்டில் போட்டுப் பார்த்தால் போதாதா? டப்பிங் எதற்கு?

எல்லோரும் முதலில் கேட்பது இதைத்தான். நல்ல ரசிகர் என்றால் அசல் மொழியில், சப்டைட்டிலோடுதான் பார்ப்பார் என்று ஒரு எண்ணம் ஊறிப்போயிருக்கிறது. மற்ற வகைப் படங்களுக்கு அது சரியாக இருக்கலாம். க்ரைம் த்ரில்லருக்கு அப்படியே பொருந்தாது என்பது என் உறுதியான கருத்து.

ஒரு விசாரணைக் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். மேசை மேல் அதிகாரி ஒரு போட்டோவை வைக்கிறார். எதிரே இருப்பவர் "இவளை எனக்குத் தெரியவே தெரியாது" என்கிறார். அதைச் சொல்லும்போது அதுவரை மேசையைத் தட்டிக்கொண்டிருந்த அவர் விரல் நின்றுவிடுகிறது. இயக்குநர் நமக்கு விட்டுவைத்த துப்பு அந்த விரல். அந்த நேரத்தில் உங்கள் கண் திரையின் அடியில் எழுத்துக் கூட்டிக்கொண்டிருந்தால் துப்பு போய்விட்டது. காதல் படத்தில் அரை நொடி தவறினால் ஒன்றும் கெட்டுப்போகாது. இங்கே அந்த அரை நொடியில்தான் கதையே இருக்கும். வசனத்தைக் காது பார்த்துக்கொண்டால் கண்ணுக்கு விடுதலை. இந்தி டப்பிங்கின் கவர்ச்சியில் பாதிக்கு மேல் இதுதான்.

இன்னொன்று. சப்டைட்டில் வசனத்தை முந்திக்கொள்ளும். "அன்று ராத்திரி அந்த வீட்டில் இருந்தது..." என்று பாத்திரம் இழுத்து நிறுத்தும்போதே முழு வரியும், பெயரோடு சேர்ந்து, கீழே வந்து நிற்கும். நடிகர் தேக்கிவைத்த மௌனம் வீண். போதாததற்கு, வாசிக்கும் வேகத்துக்குள் அடங்க வேண்டும் என்பதற்காகச் சப்டைட்டிலில் வசனத்தைச் சுருக்கித்தான் எழுதுவார்கள். சாட்சி ஒருவர் தயங்கித் தயங்கி, சொன்னதையே மாற்றிச் சொல்வார். கீழே நேரான ஒரு வாக்கியம் மட்டும் ஓடும்.

கடைசியாக, ரொம்ப எளிய காரணம் ஒன்று உண்டு. சப்டைட்டில் என்றால் பல இடங்களில் இன்னும் ஆங்கிலம்தான். கான்பூரில் கடை வைத்திருப்பவருக்கும், மாலையில் டிவி முன்னால் உட்காரும் அவர் அம்மாவுக்கும் வேகமாக ஓடும் ஆங்கில எழுத்து ஒரு சுவர். டப்பிங் அந்தச் சுவரில் கதவைத் திறந்தது. ஸ்பானிஷ் கொள்ளைக் கதையும் கொரியக் கொலை வழக்கும் கல்லூரி விடுதியைத் தாண்டி வீட்டுக்குள் வந்தது அதன் வழியாகத்தான்.

இது எப்போது தொடங்கியது?

பெரிய அளவில் என்றால் 1994. ஹாலிவுட்டின் டைனோசர் படமான ஜுராசிக் பார்க் அந்த ஆண்டு இந்தியில் டப் ஆகி வந்து வசூலை அள்ளியது. அது க்ரைம் படம் இல்லைதான். ஆனால் வெளிநாட்டுப் படம் இந்தி பேசினால் சின்ன ஊர்த் தியேட்டரும் நிரம்பும் என்று விநியோகஸ்தர்களுக்குக் காட்டிக்கொடுத்தது. அப்புறம் கேபிள் சேனல்கள் வந்தன. ஹாங்காங் அடிதடிப் படங்களும் ஹாலிவுட் போலீஸ் படங்களும் மத்தியான வேளையில் இந்தி பேசின. ஒரு தலைமுறையின் காது அங்கேதான் பழகியது.

அடுத்த திருப்பம் 2016. ஜனவரியில் நெட்ஃபிளிக்ஸ் வந்தது, செப்டம்பரில் ஜியோ வந்து டேட்டா விலையைத் தரைக்குக் கொண்டுவந்தது, டிசம்பரில் பிரைம் வீடியோ வந்தது. கையில் இருக்கும் போனிலேயே ஆடியோ மொழியை மாற்றிக்கொள்ளலாம் என்பது அதுவரை இல்லாத வசதி. எம்எக்ஸ் பிளேயர் 'விதேசி' என்று தனிப் பிரிவே வைத்து, வெளிநாட்டுத் தொடர்களை இந்தியிலும் தமிழிலும் தெலுங்கிலும் விளம்பரத்தோடு இலவசமாகக் கொடுத்தது. சந்தா கட்டாதவர்களும் உள்ளே வந்தார்கள்.

இந்தி பேசும் பகுதியில் க்ரைம் கதைக்கு முன்பே மவுசு இருந்ததா, இல்லை இது புதிய மோகமா?

நன்றாகவே இருந்தது. இதை மறந்துவிட்டு டப்பிங்கைப் பற்றிப் பேசினால் பாதிக் கதைதான் கிடைக்கும்.

1952ல் அலகாபாத்திலிருந்து இப்னே ஸஃபி 'ஜாசூஸி துனியா' என்ற துப்பறியும் நாவல் வரிசையைத் தொடங்கினார். அவர் எழுதியது உருதுவில். இந்தியிலும் வந்து ரயில் நிலையக் கடைகளில் விற்றுத் தீர்ந்தன. அதற்கப்புறம் மீரட் நகரம் பாக்கெட் நாவல்களின் தலைநகரம் ஆயிற்று. வேத் பிரகாஷ் சர்மா அங்கேயிருந்துதான் எழுதினார். தில்லியில் சுரேந்தர் மோகன் பாடக், டெலிபோன் தொழிற்சாலை வேலையைப் பார்த்துக்கொண்டே நூற்றுக்கணக்கான க்ரைம் நாவல்களை எழுதிக் குவித்தார். இயான் ஃபிளெமிங், ஜேம்ஸ் ஹேட்லி சேஸ் ஆகியோரை இந்தியில் மொழிபெயர்த்த அனுபவமும் அவருக்கு உண்டு. அதாவது வெளிநாட்டுக் குற்றக் கதையை இந்தி வாசகர் தன் கதையாகப் படிப்பது டப்பிங் வருவதற்கு வெகுகாலம் முன்பே நடந்துவிட்டது.

இதில் நமக்கும் ஒரு தொடர்பு இருக்கிறது. பாடக்கின் '65 லட்சம் கொள்ளை' நாவலை 2009ல் ஆங்கிலத்தில் கொண்டுவந்தது சென்னையில் இருக்கும் பிளாஃப்ட் பதிப்பகம். அதற்கு முந்தைய ஆண்டுதான் அவர்கள் தமிழ்ப் பாக்கெட் நாவல் கதைகளை ஆங்கிலத் தொகுப்பாகப் போட்டிருந்தார்கள். பஸ் ஸ்டாண்டில் ராஜேஷ்குமார் நாவல் வாங்கிப் படித்து வளர்ந்தவருக்கு மீரட் வாசகரின் ருசியைத் தனியாக விளக்க வேண்டியதில்லை.

டிவியிலும் அப்படியே. 1985ல் தூர்தர்ஷனில் கரம்சந்த், 1993ல் வியோம்கேஷ் பக்ஷி, 1998ல் சோனியில் தொடங்கி 20 ஆண்டு ஓடிய சிஐடி, 2003 முதல் க்ரைம் பேட்ரோல். இதையெல்லாம் பார்த்து வளர்ந்தவர் தென் கொரியத் தலைநகரான சோலின் போலீஸ் ஸ்டேஷனுக்குள் நுழையும்போது அந்நியமாக உணர்வதில்லை.

இந்தியில் க்ரைம் வசனம் தனியாக எடுபடுகிறது என்கிறார்களே, உண்மையா?

உண்மைதான். வட இந்தியாவில் நீதிமன்றமும் போலீஸும் நெடுங்காலம் பாரசீகம் கலந்த மொழியில் இயங்கியவை. 'காதில்' (கொலையாளி), 'முஜ்ரிம்' (குற்றவாளி), 'கவாஹ்' (சாட்சி), 'சபூத்' (ஆதாரம்), 'அதாலத்' (நீதிமன்றம்) என்று குற்றத்தைச் சுற்றியுள்ள சொற்களுக்கெல்லாம் ஒரு கனம் இருக்கிறது. அன்றாடப் பேச்சிலும் அவை புழங்குவதால் செயற்கையாகவும் ஒலிக்காது. நாமும் ஜாமீன், கைதி, வக்கீல், ஆஜர், ஜப்தி என்று அதே மூட்டையிலிருந்து எடுத்துத்தான் கோர்ட்டுப் பேச்சு பேசுகிறோம். அதனால் அரைகுறை இந்தி தெரிந்த தமிழருக்குக்கூட இந்த வகைப் படத்தில் பிடி கிடைத்துவிடுகிறது.

ஏன் குறிப்பாகக் கொரியப் படங்களுக்கு இவ்வளவு ரசிகர்கள்?

இதற்கு நீளமாகத்தான் பதில் சொல்ல வேண்டும்.

முதல் காரணம் அந்தப் படங்களில் வரும் போலீஸ். சோலுக்குத் தெற்கே ஹ்வாசோங் என்ற பகுதியில் 1986 முதல் 1991 வரை 10 பெண்கள் கொலை செய்யப்பட்டார்கள். கொரியா ராணுவத் தளபதிகளின் பிடியிலிருந்து மெல்ல வெளியே வந்துகொண்டிருந்த காலம் அது. போலீஸ் வேலை செய்த ஆள் நாள்களைக் கூட்டினால் 20 லட்சத்தைத் தாண்டும் என்கிறார்கள். கொலையாளி அகப்படவில்லை. 2006ல் வழக்குத் தொடுப்பதற்கான காலக்கெடுவும் முடிந்துவிட்டது. கடைசியில் 2019ல் டிஎன்ஏ சோதனையில்தான் ஆள் தெரிந்தது. அவர் வேறொரு கொலைக்காக 1994 முதல் சிறையில் இருந்தவர். இதற்கு நடுவே அந்தக் கொலைகளில் ஒன்றுக்காக நிரபராதி ஒருவர் சுமார் 20 ஆண்டு சிறையில் கழித்திருந்தார். அடித்து வாங்கிய வாக்குமூலம். 2020 டிசம்பரில் அவர் குற்றமற்றவர் என்று நீதிமன்றம் சொன்னது.

இந்த வழக்கை வைத்து போங் ஜூன்-ஹோ 2003ல் எடுத்த 'மெமரீஸ் ஆஃப் மர்டர்' படத்தின் தொடக்கத்தில் ஒரு காட்சி. வயல் பக்கத்தில் பிணம் கிடக்கிறது. மண்ணில் ஒரே ஒரு காலடித் தடம், அதுதான் கையில் இருக்கும் தடயம். ஊர்க் குழந்தைகள் ஓடித் திரிகிறார்கள், வேடிக்கை பார்க்கும் கூட்டம் நெருக்குகிறது, தடய அறிவியல் ஆட்கள் இன்னும் வந்து சேரவில்லை. அதிகாரி கத்திக்கொண்டே இருக்கும்போது ஒரு டிராக்டர் வந்து அந்தத் தடத்தின் மேல் ஏறிப் போகிறது. இந்தக் காட்சிக்கு உத்தரப் பிரதேசத்திலோ பீகாரிலோ பொழிப்புரை தேவையில்லை. வயலும் தெரிந்த வயல், ஸ்டேஷனும் தெரிந்த ஸ்டேஷன். லண்டன், நியூயார்க் துப்பறிவாளர்கள் நமக்குத் தூரத்து ஆட்கள். குற்றவாளியைப் பிடிக்கத் துடித்தும் முடியாமல் போகிற, அடிக்கக் கை நீளும், மேலதிகாரியிடம் திட்டு வாங்கும் கொரியப் போலீஸ்காரர் அடுத்த தெரு ஆள்.

இரண்டாவது காரணம் மொழியின் அமைப்பு. கொரிய வாக்கியத்தில் வினைச்சொல் கடைசியில் வரும், இந்தியிலும் தமிழிலும் போலவே. "அவளைக் கொன்றது நான் இல்லை" என்பதில் அந்த 'இல்லை' வருகிற வரை பார்வையாளர் மூச்சைப் பிடித்துக்கொண்டிருப்பார். கொரிய நடிகரின் முகம் எந்த இடத்தில் மாறுகிறதோ, ஏறக்குறைய அதே இடத்தில் இந்தியிலும் மறுப்புச் சொல்லை வைக்க முடிகிறது. ஆங்கிலத்திலும் ஸ்பானிஷிலும் மறுப்பு முன்னாலேயே வந்துவிடுவதால் அங்கே வசனகர்த்தா மல்லுக்கட்ட வேண்டும்.

மூன்றாவது, மரியாதை. கொரிய மொழியில் வயதுக்கும் பதவிக்கும் ஏற்ப வினை விகுதி மாறும். இந்தியில் ஆப், தும், தூ என்று மூன்று படி இருக்கிறது. விசாரணை அறையில் அதிகாரி மரியாதையாகத் தொடங்கி, திடீரென்று ஒருமைக்கு இறங்கும் நொடிதான் காட்சியின் அச்சாணி. இந்தி டப்பிங்கில் அந்த இறக்கம் அப்படியே கேட்கும். ஆங்கில டப்பிங்கில் எல்லோருக்கும் ஒரே 'யூ' என்பதால் குரலை உயர்த்தித்தான் சமாளிக்க வேண்டும். இந்த ஒரு விஷயத்துக்காகவே, கொரியக் க்ரைம் படம் என்றால் ஆங்கில டப்பிங்கை விட்டுவிட்டு இந்தியிலோ தமிழிலோ பாருங்கள் என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

'மணி ஹைஸ்ட்' எப்படி இவ்வளவு பெரிதாயிற்று?

அலெக்ஸ் பினா உருவாக்கிய ஸ்பானிஷ் தொடர். 2017ல் அங்கே ஆன்டெனா 3 சேனலில் வந்தபோது தொடக்கத்தில் நல்ல கூட்டம், போகப்போகக் குறைந்தது. அப்புறம் நெட்ஃபிளிக்ஸ் எடுத்து, நீளமான எபிசோடுகளைச் சின்னதாக வெட்டி அடுக்கி உலகம் முழுக்க விட்டது. நான்காம் பாகம் வந்த 2020 ஏப்ரல் 3 அன்று இந்தியா ஊரடங்கில் வீட்டுக்குள் இருந்தது. மறு ஆண்டு ஐந்தாம் பாகத்தை ஒட்டி இந்தி, தமிழ், தெலுங்கு ஆடியோக்களும் கிடைத்தன. அந்தப் பாகம் வெளியான 2021 செப்டம்பர் 3 அன்று ஜெய்ப்பூரில் ஒரு நிறுவனம் ஊழியர்களுக்கு விடுமுறையே விட்டது, செய்தியாக வந்தது.

டப்பிங் கோணத்தில் பார்த்தால் அந்தத் தொடருக்கு ஒரு பெரிய வசதி. கொள்ளையர்களின் பெயரெல்லாம் ஊர்ப் பெயர்கள்: டோக்கியோ, பெர்லின், நைரோபி, ரியோ, டென்வர். வெளிநாட்டுத் தொடரில் பெயர்களைப் பிரித்து ஞாபகம் வைத்துக்கொள்வதற்குள்ளேயே பாதிப் பேர் களைத்துவிடுவார்கள். இங்கே அந்தத் தொல்லை இல்லை. திட்டம் போடுபவர் வெறும் 'புரொஃபசர்'. இந்தியிலும் அதே சொல்தான், உதடும் பொருந்திவிடுகிறது.

டப்பிங் உண்மையில் எப்படி நடக்கிறது?

ஹாலில் நாலு பேர் நின்று நாடகம் மாதிரி பேசுவார்கள் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை.

வெளிநாட்டுத் தயாரிப்பாளரிடமிருந்து படம், நேரக் குறியீட்டோடு கூடிய வசனப் பட்டியல், மனிதப் பேச்சு இல்லாமல் இசையும் சத்தங்களும் மட்டும் உள்ள ஒரு ட்ராக் ஆகியவை வரும். அந்த ட்ராக்கைத் தொழிலில் 'எம் அண்ட் ஈ' என்பார்கள். கதவு சாத்துவது, மழை, பின்னணி இசை எல்லாம் அதில் இருக்கும். பேச்சை மட்டும் புதிதாகப் பதிந்து அதன் மேல் ஏற்ற வேண்டும்.

முதலில் வசனகர்த்தா உட்காருகிறார். அர்த்தம் சரியாக இருந்தால் மட்டும் போதாது, வாயும் பொருந்த வேண்டும். ப, ம போன்ற எழுத்துகளில் உதடு மூடும். திரையில் உதடு மூடும் இடத்தில் இந்தியிலும் அப்படி ஓர் எழுத்து வந்தால் கண் ஏமாந்துவிடும். குளோசப்பில் இதற்காக ஒரு வரியை ஐந்தாறு விதமாக எழுதிப் பார்ப்பார்கள். பாத்திரம் முதுகைக் காட்டி நிற்கும் ஷாட் கிடைத்தால் அவர்களுக்குக் கொண்டாட்டம். வாய் தெரியாத அந்த இடத்தில் நீளமான சட்டச் சொல்லையோ, நமக்குப் புரியாத உள்ளூர் வழக்கத்துக்கு ஒரு சிறு விளக்கத்தையோ நுழைத்துவிடலாம்.

அப்புறம் குரல் தேர்வு. பெரிய தயாரிப்புகளில் குரல் மாதிரிகளை வெளிநாட்டுக்கு அனுப்பி ஒப்புதல் வாங்குவார்கள். பதிவு பெரும்பாலும் மும்பையில், அந்தேரிப் பக்கத்து ஸ்டுடியோக்களில். கலைஞர் தனியாக அறைக்குள் நிற்பார். ஒரு காதில் அசல் குரல், எதிரே திரை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் டப்பிங் இயக்குநர். எதிர்ப் பாத்திரத்தின் பதில் அன்றைக்குப் பதிவாகியே இருக்காது, அடுத்த வாரம் வேறொருவர் வந்து பேசுவார். அப்படி இருந்தும் சண்டை சண்டையாகக் கேட்கிறது என்றால் அது அந்த இயக்குநரின் திறமை. க்ரைம் படத்தில் பேச்சைவிடக் கஷ்டம் பேச்சில்லாத சத்தங்கள்: கழுத்தை நெரிக்கும்போது வரும் திணறல், ஓடி வந்து நின்ற மூச்சு, அழுகையை அடக்கும் விக்கல். இவற்றையும் நேரத்துக்கு நேரம் பொருத்திப் பேச வேண்டும். ஒரு நாள் முழுக்கக் கதறிவிட்டு மறுநாள் தொண்டை கட்டிப்போவது இந்தத் தொழிலில் சகஜம்.

அயர்ன் மேனுக்கு இந்தியில் குரல் கொடுத்த ராஜேஷ் கட்டர், ரஜினிகாந்த் படங்களின் இந்திப் பதிப்பில் பேசிய மயூர் வியாஸ், சங்கேத் மாத்ரே என்று சிலரை ரசிகர்கள் பெயர் சொல்லியே அடையாளம் கண்டுபிடிப்பார்கள். மற்ற பெரும்பாலோர் பெயர் தெரியாமலே போகிறார்கள். அடுத்த எபிசோடு தானாக ஓடத் தொடங்குமுன் டப்பிங் பெயர்ப் பட்டியல் வரும். அதை ஒருமுறையாவது நிறுத்திப் படியுங்கள்.

உதடு பொருந்தாமல் தொந்தரவாக இருக்காதா?

முதல் பத்துப் பதினைந்து நிமிடம் இருக்கும். கதை பிடித்துக்கொண்டால் மறந்துவிடும். மறக்கவில்லை என்றால் ஒன்று டப்பிங் மோசம், இல்லை கதை மோசம்.

டப்பிங்கில் எதை இழக்கிறோம்?

இழப்பு உண்டு, மறைக்க வேண்டியதில்லை. நடிகரின் சொந்தக் குரல் போய்விடுகிறது. அது பெரிய இழப்பு. வட்டார வழக்கும் போய்விடும். 2011ல் வந்த 'தி பிரிட்ஜ்' தொடரில் டென்மார்க்குக்கும் ஸ்வீடனுக்கும் நடுவே பாலத்தின் எல்லைக் கோட்டிலேயே பிணம் கிடக்கும். இரண்டு நாட்டு அதிகாரிகளும் அவரவர் மொழியில் பேசிக்கொள்வார்கள், அந்த உரசலே கதையின் பாதி ருசி. இப்படிப்பட்ட கதையை ஒரே மொழியில் பேசவிட்டால் எல்லைக் கோடே அழிந்துவிடும். இந்தி டப்பிங்கில் சிலர் ஒரு பாத்திரத்துக்கு மும்பை ரவுடிப் பேச்சு, இன்னொருவருக்கு ஹரியானா வாடை என்று கொடுத்து ஈடுகட்டப் பார்க்கிறார்கள். அளவாக இருந்தால் எடுபடும். மிஞ்சினால் கொலைகாரன் வரும்போது சிரிப்பு வந்துவிடும்.

த்ரில்லருக்கே உரிய இன்னொரு சிக்கலும் இருக்கிறது. முகம் தெரியாத ஒருவன் போனில் மிரட்டுகிறான். அவன் யார் என்பதுதான் மர்மம். இந்தியில் அந்தப் போன் குரலை யார் பேசுவது? கடைசியில் வெளிப்படும் பாத்திரத்தின் கலைஞரே பேசினால் காது கூர்மையானவர்கள் மூன்றாம் எபிசோடிலேயே பிடித்துவிடுவார்கள். வேறொருவர் பேசினால் அது பார்வையாளரை ஏமாற்றுவது. அதே கலைஞர் குரலை மாற்றிப் பேசுவதுதான் நேர்மையான வழி. செலவைக் குறைக்க ஒருவரே இரண்டு மூன்று சின்னப் பாத்திரங்களுக்குப் பேசும்போது, சம்பந்தமே இல்லாத ஆள் மேல் சந்தேகம் விழுவதும் நடக்கும்.

ரீமேக் வந்துவிட்டால் டப்பிங்குக்கு என்ன வேலை?

இரண்டும் வேறு வேறு தேவை. முன்பு இந்தி சினிமா கொரியக் கதைகளை அனுமதி இல்லாமலே எடுத்துக்கொண்ட காலம் உண்டு. 'ஓல்ட்பாய்' வந்த மூன்று ஆண்டில் இந்தியில் 'ஜிந்தா' வந்தது, உரிமை வாங்காமல். பிறகு முறையான ரீமேக்குகள் வந்தன. ஸ்பெயினின் ஓரியோல் பாவ்லோ 2016ல் எடுத்த 'கான்ட்ரடியெம்போ' 2019ல் சுஜோய் கோஷ் இயக்கத்தில் 'பத்லா' ஆனது. பூட்டிய ஹோட்டல் அறை, உள்ளே பிணம், கூடவே மாட்டிக்கொண்ட ஒருவர், அவரிடம் கேள்வி கேட்கும் வக்கீல். ஸ்பானிஷில் மாட்டிக்கொண்டவர் ஆண், வக்கீல் பெண். இந்தியில் டாப்ஸி பன்னு மாட்டிக்கொள்கிறார், அமிதாப் பச்சன் கேள்வி கேட்கிறார். இந்த மாற்றம் கதையின் வெப்பநிலையையே மாற்றிவிடுகிறது.

ரீமேக் கதையை நம் வீட்டுக்குக் கூட்டிவரும், டப்பிங் நம்மை அந்த ஊருக்குக் கூட்டிப்போகும். பார்சலோனாவின் தெருவும் சோலின் சந்தும் பூசான் துறைமுகமும் எனக்கு வேண்டும் என்பதால், இரண்டில் ஒன்றுதான் என்றால் நான் டப்பிங்கைத்தான் எடுப்பேன்.

கெட்ட வார்த்தைகள், ரத்தம் எல்லாம் வெட்டப்படுமா?

தியேட்டரில் வருவதற்கு டப்பிங் பதிப்புக்கும் தணிக்கைச் சான்றிதழ் வேண்டும். டிவியில் இன்னும் கறார், ஏ சான்றிதழ் படம் அப்படியே போகாது. ஓடிடியில் 2021ல் வந்த விதிகளின்படி வயது வகைப்பாடும் பெற்றோர் கட்டுப்பாட்டு வசதியும் இருக்க வேண்டும். வசையைப் பொறுத்தவரை இந்தி வசனகர்த்தாக்கள் பல நேரம் ஒரு படி இறக்கியே எழுதுகிறார்கள். குடும்பமாகப் பார்க்கிறார்கள் என்று அவர்களுக்குத் தெரியும்.

ஆனால் ஒன்று: பேச்சு தெரிந்த மொழியில் இருப்பதால் பிள்ளைகள் உடன் உட்கார்ந்துவிடுவார்கள். அசல் மொழியில் ஓடும்போது எழுந்து போகும் பத்து வயதுப் பையன் இந்தியில் ஓடினால் கடைசி வரை இருப்பான். கொரியத் த்ரில்லர்களின் வன்முறை சாதாரணமானது இல்லை. வயதுக் குறியீட்டைப் பார்த்துவிட்டுப் போடுங்கள்.

எனக்கு இந்தி அரைகுறைதான். பார்க்கலாமா? தமிழ் ஆடியோ இருந்தால் அதையே பார்க்கலாமே?

தமிழ் இருந்தால் தமிழில் பாருங்கள், இதில் யோசிக்க எதுவும் இல்லை. மேலே கொரிய மொழியைப் பற்றிச் சொன்ன எல்லாமே தமிழுக்கும் பொருந்தும். நீங்கள், நீ, போடா என்று இறங்க நமக்கும் படிகள் இருக்கின்றன. பிரச்சினை எண்ணிக்கைதான். 2011 கணக்கெடுப்பில் போஜ்புரி, ராஜஸ்தானி போன்றவற்றையும் இந்தியோடு சேர்த்து எண்ணியபோது இந்தித் தாய்மொழிக்காரர்கள் சுமார் 52.8 கோடி, தமிழ் 6.9 கோடி. மராட்டி, குஜராத்தி, பஞ்சாபிக்காரர்களும் இந்தியில் பார்ப்பார்கள். அதனால் ஒரு தொடருக்கு இந்தி ஆடியோ வந்து தமிழ் வராமல் போவது அடிக்கடி நடக்கிறது. தமிழ் வந்திருந்தால் அதை ஓடவிட்டுப் பார்ப்பதுதான் அடுத்ததும் வர நாம் செய்யக்கூடிய காரியம். எந்த ஆடியோவில் எத்தனை பேர் பார்க்கிறார்கள் என்ற கணக்கு அவர்களிடம் இருக்கிறது.

தமிழ் இல்லாதபோது இந்தி ஆடியோவும் ஆங்கிலச் சப்டைட்டிலும் சேர்த்துப் போடலாம். இரண்டும் வார்த்தைக்கு வார்த்தை ஒத்துப்போகாது, ஏனென்றால் சப்டைட்டில் அசல் வசனத்திலிருந்து எழுதப்பட்டிருக்கும். முதலில் குழப்பும், ஆனால் வசனகர்த்தா எங்கே எதை மாற்றினார் என்று பார்ப்பதே ஒரு தனி ருசி. வேலைக்காக வடக்கே போய் இந்தி கற்றுக்கொள்பவர்களுக்கு விசாரணைக் காட்சிகள் நல்ல பாடம். கேள்வி, பதில், திரும்ப அதே கேள்வி என்று சின்னச் சின்ன வாக்கியங்களாக வரும்.

நல்ல டப்பிங்கை எப்படிக் கண்டுபிடிப்பது?

கூட்டக் காட்சியையும் கிசுகிசுப்பையும் கேளுங்கள். மோசமான டப்பிங்கில் எல்லோரும் மைக்குக்கு ஒரே தூரத்தில் நின்று பேசுவது போல இருக்கும். குளியலறையில் பேசினாலும் மைதானத்தில் பேசினாலும் ஒரே ஒலி. நல்ல டப்பிங்கில் அறையின் அளவு கேட்கும். கிசுகிசுத்தால் குரலில் காற்று கலந்திருக்கும். மௌனத்தை மதிக்கிறார்களா என்றும் பாருங்கள். அசலில் பாத்திரம் பேசாமல் பார்க்கும் இடத்தில் இந்தியில் "ஹூம்", "அச்சா" என்று நிரப்பியிருந்தால், அந்தக் குழுவுக்குத் த்ரில்லர் புரியவில்லை என்று அர்த்தம்.

முழுக் கதையையும் பதினைந்து நிமிடத்தில் சொல்லும் வீடியோக்கள் இருக்கின்றனவே?

இந்தியிலும் தமிழிலும் அவற்றுக்குப் பெரிய கூட்டம் இருப்பது தெரியும். அப்படிப் பல படங்களின் பெயரே நம் ஊருக்குத் தெரிய வந்தது என்பதும் உண்மை. ஆனால் மர்மக் கதையில் நாம் பணம் கொடுத்து வாங்குவது அந்தத் தெரியாமையைத்தான். விடையை முதலிலேயே வாங்கிவிட்டால் இரண்டு மணி நேரம் தவிக்கும் சுகம் திரும்பக் கிடைக்காது. பார்த்து முடித்த படத்துக்கு அந்த வீடியோவைப் பாருங்கள், விட்டுப்போனது புரியும்.

டெலிகிராமில் 'இந்தி டப்' என்று கிடைப்பதைப் பார்க்கலாமா?

வேண்டாம். சட்டம் ஒரு பக்கம்: 2023ல் திருத்தப்பட்ட சினிமாச் சட்டத்தில் திருட்டுப் பிரதி எடுப்பதற்கும் அதைப் பொதுவில் காட்டுவதற்கும் 3 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறையும், குறைந்தது 3 லட்சம் ரூபாய் அபராதமும் உண்டு. தரம் இன்னொரு பக்கம். அங்கே சுற்றும் பலவற்றில் ஒரே ஆள் எல்லாப் பாத்திரங்களுக்கும் பேசியிருப்பார், நடுநடுவே சூதாட்டச் செயலியின் விளம்பரம் குரலாகவே வரும். எம் அண்ட் ஈ ட்ராக் அவர்களிடம் இல்லாததால் பேச்சு வரும்போதெல்லாம் பின்னணி இசை அறுந்துபோகும். பதற்றம் ஏறும் காட்சியில் இசை அறுந்தால் மிச்சம் என்ன இருக்கிறது?

வசனம் மெதுவாகவும் துப்பாக்கிச் சத்தம் காதைப் பிளப்பதாகவும் இருக்கிறதே, என்ன செய்வது?

டிவி ஸ்பீக்கரில் பார்க்கிறீர்கள் என்றால் ஆடியோ பட்டியலில் அதே மொழிக்கு '5.1' என்று ஒன்றும், அது இல்லாமல் ஒன்றும் இருக்கிறதா பாருங்கள். 5.1ல் வசனம் நடு ஸ்பீக்கருக்கென்று தனியாகப் போகும். அந்த ஸ்பீக்கர் இல்லாத டிவியில் அது அமுங்கிவிடலாம். சாதாரண ஸ்டீரியோவுக்கு மாற்றினாலே பெரும்பாலும் சரியாகிவிடும். சில டிவிகளில் பேச்சைத் தெளிவாக்கும் வசதி ஒலி அமைப்புகளுக்குள் இருக்கும், அதையும் போட்டுப் பாருங்கள். இரவில் தனியாகப் பார்ப்பதாக இருந்தால் ஹெட்போன் மாட்டிக்கொள்ளுங்கள். டப்பிங் கலைஞர் மூச்சில் செய்திருக்கும் வேலை அதில்தான் முழுதாகக் கேட்கும்.